செயின்ட் கில்டா டிராமில் டெலியா

எழுபதுகளின் நடுவில், கோடம்பாக்கத்தில் நான் வேலை பார்த்த ஃபிலிம் லேபுக்கு ஒரு கலர் பிரிண்டிங் மெஷின் வாங்கினார்கள். சிட்னிக்கு ஓர் ஆளை அனுப்பினால் மூன்று வாரத்தில் ஓட்டக் கற்றுத் தருகிறோம் என்று விற்ற கம்பெனி சொன்னது. போக வேண்டியவர் எங்கள் சீஃப். அவருக்கு விமானம் என்றால் பயம். எனக்கும் பயம்தான். ஆனால் சீஃபின் பயத்துக்கு இருந்த மரியாதை என் பயத்துக்கு இல்லை.

ஜூலையில் அங்கே குளிர் என்றார்கள். ஜூலையில் குளிர் என்பதை மெட்ராஸ்காரன் எப்படி நம்புவான்? இருந்தாலும் காஸ்ட்யூம் பிரிவில் இருந்த நண்பர் ஒரு ஸ்வெட்டர் கொடுத்தார். ஊட்டியில் எடுத்த ஒரு டூயட்டுக்காகப் பின்னியது. மஞ்சள் நிறம், மார்பில் பெரிய சிவப்பு இதயம். இதயத்தைப் பிரித்தெடுத்துவிட்டுத் தருகிறேன் என்றார். அதற்கு நேரமில்லை.

சிட்னி விமான நிலையத்துக்கு சிவபாதம் வந்திருந்தார். யாழ்ப்பாணத்துக்காரர். எங்கள் முதலாளியோடு மெட்ராஸில் கல்லூரியில் படித்தவர், இங்கே கட்டட வரைபடம் போடும் வேலையில் இருந்தார். என்னைத் தன் வீட்டில் தங்க வைத்துக்கொள்ள ஒப்புக்கொண்டிருந்தார். ஸ்வெட்டரைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"தம்பி, நீங்கள் சினிமாவில நடிக்கிறனீங்களோ?"

"இல்ல சார். லேப்ல வேலை."

"ஓம், ஓம்" என்றார். நம்பியதாகத் தெரியவில்லை.

வீடு பிளாக்டவுனில். ஊரின் மேற்குக் கோடி. தெரு அகலமாக இருந்தது, ஆள்தான் இல்லை. எல்லாரும் எங்கே என்று கேட்டேன். "எல்லாரும் உள்ளுக்கு" என்றார். அவர் மனைவியை நான் மேடம் என்று கூப்பிட்டதும் அந்த அம்மாள் சிரித்துவிட்டார். "அன்ரி எண்டு சொல்லுங்கோ. மேடம் எண்டா எனக்கு ஆரோ பின்னால நிக்கிற மாதிரி இருக்கு."

நான் சைவம் என்பது அன்ரிக்குத் தெரியும். குசினியில் இடியப்பம் பிழிந்துகொண்டிருந்தார். அதன் மேல் ஊற்றிக்கொள்ளும் சொதிக்குத் தேங்காய் கிடையாது. கேக்குக்குத் தூவுகிற உலர்ந்த தேங்காய்ப்பூவை வெந்நீரில் ஊறவைத்துப் பிழிந்திருந்தார். நன்றாகவே இருந்தது. நன்றாக இருக்கிறது என்று சொன்னதும், "பொய் சொல்லாதேங்கோ" என்று இன்னும் இரண்டு வைத்தார்.

லேபுக்கு ஒரு மணி நேர ரயில். கதவை மூடாமல் ஓடும் பழைய ரயில், நம் ஊர் மின்சார ரயிலைப் போலவே. ஆனால் ஒருவரும் தொங்கவில்லை. இரண்டாம் நாள் பக்கத்தில் இருந்தவரின் செய்தித்தாளை, நாம் செய்வது போல, எட்டிப் பார்த்துப் படித்தேன். அவர் தாளை மடித்து என் மடியில் வைத்துவிட்டு வேறு இருக்கைக்குப் போய்விட்டார். கோபமா தாராளமா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. தாளை முழுதாகப் படித்தேன்.

லேபில் எனக்குச் சொல்லித்தந்தவர் கிரேம். முப்பது வயதிருக்கும், மார்பு வரை தாடி, காலில் செருப்பு கிடையாது. கெமிக்கல் சிந்திய தரையில் வெறுங்காலோடு நடப்பார். மெட்ராஸில் அப்படி நடப்பவருக்கு வேறு வழியில்லை என்று அர்த்தம். இவருக்குக் காரும் இருந்தது. மத்தியானம் கேன்டீனில் சைவம் என்று கேட்டால் பீட்ரூட் வைத்த சாண்ட்விச் கொடுத்தார்கள். அசைவம் கேட்டவர்களுக்கும் பீட்ரூட் வைத்தார்கள். மூன்றாம் நாள் ஒருவர் சாப்பிட்ட, 'பை' என்கிற இறைச்சிப் பலகாரத்தில் பீட்ரூட் இல்லாததைக் கண்டு எனக்கே ஏதோ குறைவது போல இருந்தது.

இரண்டாம் வாரம் சனிக்கிழமை மத்தியானம், தானும் நண்பர்களும் சேர்ந்து நடத்தும் ஒரு சின்ன சினிமாக் கூடத்துக்குக் கிரேம் என்னை அழைத்துப்போனார். பழைய கிடங்கின் மாடி. கதாநாயகன் இல்லாத படங்களை மட்டும் போடுவார்கள் என்று புரிந்துகொண்டேன். நாற்காலியும் இல்லை, தரையில் மெத்தைகள். ஓடிய படத்தில் ஒருவர் தூங்கினார். பார்த்தவர்களில் நாலு பேரும் தூங்கினார்கள். நான் சுவரில் ஒட்டியிருந்த போஸ்டர்களைப் பார்க்க எழுந்து போனேன்.

மூன்றாவது போஸ்டரில் எனக்குத் தெரிந்த பெண் இருந்தாள்.

இடுப்பு வரை தலைமுடி, வெறுங்கால், பின்னால் ஒரு பழைய பஸ். அந்த முகத்தை நான் நாற்பது தடவையாவது பார்த்திருப்பேன். பதினோரு இடத்தில் டேப் போட்டு ஒட்டியிருக்கிறேன்.

விஷயம் இதுதான். சில வருடங்களுக்கு முன் மெட்ராஸுக்கு ஓர் அமெரிக்கர் வந்தார். நீண்ட முடி, கழுத்தில் ருத்ராட்சம். ஒரு படத்தின் கேமராமேன் என்று சொன்னார். பதினாறு எம்.எம். படம் ஒன்றை இரண்டு டப்பாவில் கொண்டுவந்திருந்தார். ஓரத்துத் துளைகள் கிழிந்திருந்தன, சரிசெய்து வையுங்கள், திருவண்ணாமலை போய்விட்டுப் பத்து நாளில் வருகிறேன் என்றார். அவருக்குப் பத்து நாள் இன்னும் ஆகவில்லை போலிருக்கிறது.

நான் சரிசெய்து வைத்தேன். படத்தின் ஆரம்பத்துண்டு காணாமல் போயிருந்ததால் அதற்குப் பெயர் இல்லை. நாங்கள் பஸ் படம் என்போம். பாலைவனத்தில் ஒரு பஸ்ஸுக்குள் எட்டு இளைஞர்கள் குடியிருக்கிறார்கள். யாரும் வேலைக்குப் போவதில்லை. கடைசியில் பஸ் இந்தப் பெண்ணை விட்டுவிட்டுக் கிளம்பிப் போகிறது. புழுதி அடங்கும் வரை பார்த்துக்கொண்டே நின்று அவள் சிரிக்கிறாள். எங்கள் லேபில் பார்த்தவர்கள் கதை எப்போது ஆரம்பிக்கும் என்று கேட்டார்கள். நானும் முதலில் கேட்டேன். பிறகு, ஏன் என்று சொல்லத் தெரியவில்லை, வேலை இல்லாத மத்தியானங்களில் அதைப் போட்டுப் பார்க்கிறவனாகிவிட்டேன்.

"இந்தப் படம் எங்ககிட்ட இருக்கு" என்று எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கிரேமிடம் சொன்னேன்.

அவர் மெத்தையிலிருந்து எழுந்தார். "இருக்க முடியாது. டைரக்டரின் கார் ஷெட் எரிந்தபோது நெகட்டிவ், பிரிண்ட் எல்லாம் போய்விட்டது. உலகத்தில் எங்கேயும் இல்லை."

"கோடம்பாக்கத்தில் இருக்கிறது."

அந்தப் பெண்ணின் பெயர் டெலியா என்றார் கிரேம். மொத்தம் மூன்று படம், மூன்றும் தியேட்டருக்கு வராதவை. அமெரிக்காவை விட்டு இங்கே வந்தவள். சிட்னியில் கொஞ்ச காலம் இருந்தபோது இந்த போஸ்டரைக் கொடுத்தாள். இப்போது மெல்போர்னில் டிராம் கண்டக்டர். "அமெரிக்காவிலிருந்து யார் வந்தாலும் இந்தப் படத்தைப் பற்றி விசாரிப்பாள். மற்ற இரண்டையும் பற்றிக் கேட்டதில்லை. படம் முழுசாக இருக்கிறதா?"

"அநேகமாக" என்றேன்.

அந்த 'அநேகமாக'வை இங்கே விளக்கிவிடுகிறேன். புரொஜெக்டரில் மாட்டும்போது படத்தில் கீறல் விழாமல் இருக்க, அதன் முன்னால் ஏழெட்டு அடி வேண்டாத ஃபிலிமை ஒட்டுவோம். லீடர் என்று பெயர். கை படுவது, அழுக்காவது எல்லாம் லீடருக்கு. கிராமங்களில் வேன் வைத்துக் காட்டும் விவசாயப் படங்கள் ஐந்தை ஒரு தடவை அவசரமாக அனுப்ப வேண்டியிருந்தது. லீடருக்கு ஃபிலிம் இல்லை. பஸ் படத்தை எடுத்தேன். டெலியா இல்லாத காட்சியாகப் பார்த்துத் தேடினேன். பஸ்ஸின் கூரையில் ஓர் இளைஞன் மவுத் ஆர்கனோடு உட்கார்ந்திருக்கும் காட்சி, ஏறக்குறைய ஒரு நிமிடம். வசனம் கிடையாது. அதை ஐந்து துண்டாக வெட்டி ஐந்து படங்களுக்கு ஒட்டினேன். இதைக் கிரேமிடம் சொல்லவில்லை.

பயிற்சி நான்கு நாள் முன்னதாகவே முடிந்துவிட்டது. மெல்போர்ன் போகிறேன் என்றதும் சிவபாதம் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஒரு நடிகையைப் பாக்கவோ?"

"டிராம் கண்டக்டர் சார்."

"நடிகையோ கண்டக்டரோ?"

"ரெண்டும்."

அன்ரி புளிச்சாதம் கட்டிக் கொடுத்தார். "நல்ல மனிசி எண்டா நானும் சுகம் கேட்டதாச் சொல்லுங்கோ. போட்டு வாங்கோ" என்று வழியனுப்பினார்.

பகல் ரயில். நாள் முழுக்க ஆட்டுக்கூட்டங்கள். ஆடு மேய்ப்பவர் ஒருவரையும் பார்க்கவில்லை, தாங்களாகவே மேய்ந்துகொண்டிருந்தன. எதிரே இருந்த கிழவர் புளிச்சாதத்தின் வாசனையை ஆராய்ந்துவிட்டு, "அது கெட்டுப்போய்விட்டதா?" என்று அக்கறையாகக் கேட்டார். இல்லை, அப்படித்தான் இருக்கும் என்றேன். ஒரு வாய் கொடுத்தேன். மென்று விழுங்கி, ஜன்னலைப் பார்த்துக்கொண்டு, "ஆமாம், அப்படித்தான் இருக்கிறது" என்றார்.

மெல்போர்னில் மழை, பிறகு வெயில், பிறகு மழை, எல்லாம் காலைப் பலகாரத்துக்கு முன்னால். டெலியாவுக்குப் போன் கிடையாது. செயின்ட் கில்டா கடற்கரைக்குப் போகும் டிராமில் இருப்பாள் என்பதுதான் கிரேம் சொன்ன விலாசம். அந்த வழியில் எத்தனை டிராம் ஓடும் என்று அவர் சொல்லவில்லை. பச்சை நிற டிராமில் ஏறினேன். கண்டக்டர் கிரேக்கர், பெரிய மீசை. டெலியா என்றதும் என் ஸ்வெட்டரைப் பார்த்தார். "அவளுக்கு மத்தியான டூட்டி" என்றார். நான் இறங்கி அடுத்த டிராமில் ஏறி அங்கேயும் கேட்டேன். அதற்கு அடுத்ததிலும். மத்தியானத்துக்குள் கடற்கரையை நான்கு தடவை பார்த்துவிட்டேன். மெரினாவைப் பார்த்தவனுக்கு அது பெரிய விஷயமில்லை. சுண்டலும் இல்லை.

ஐந்தாவது டிராமில் ஒரு பெண் கண்டக்டர். தொப்பி, கம்பளிக் கோட்டு, தோளில் தோல்பை, கத்தரித்த முடி, முப்பதைத் தாண்டிய முகம். எனக்கு அடையாளம் தெரியவில்லை. முன்னால் இருந்த பாட்டி ஒருத்தி ஏதோ சொன்னாள். அந்தப் பெண்ணின் இடது தோள் மெல்ல உயர்ந்தது. டெலியா சிரிப்பதற்குச் சரியாக ஆறு ஃபிரேமுக்கு முன்னால் இடது தோள் உயரும். உயர்ந்தது, சிரித்தாள். இவள்தான்.

டிக்கெட் போட என்னிடம் வந்தாள். ஸ்வெட்டரைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

"நெஞ்சில் இதயம் போட்ட இந்தியர் ஒருவர் காலையிலிருந்து என்னைத் தேடுகிறார் என்று நாலு பேர் சொன்னார்கள். நீங்கள்தானா? முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்குக் கல்யாணத்தில் விருப்பம் இல்லை."

"எனக்குக் கல்யாணம் ஆகிவிட்டது. உங்கள் படத்தைப் பற்றிப் பேச வந்தேன். பஸ் படம். எங்கள் லேபில் ஒரு பிரிண்ட் இருக்கிறது."

அவள் என்னையே பார்த்தாள். வண்டி நிறுத்தத்தில் நின்றது. ஆட்கள் ஏறினார்கள். கயிற்றை இரண்டு முறை இழுத்து மணி அடித்தாள், வண்டி கிளம்பியது. "அசையாமல் இங்கேயே இருங்கள்" என்று சொல்லிவிட்டு டிக்கெட் போடப் போனாள். அசையும் உத்தேசம் எனக்கு இல்லை.

கடற்கரையில் டிராம் சில நிமிடங்கள் நிற்கும். எல்லாரும் இறங்கியதும் என் எதிரில் வந்து உட்கார்ந்தாள். எங்கே, யாரிடம், எப்படி என்று கேட்டாள். திருவண்ணாமலைக்காரரைப் பற்றிச் சொன்னேன். "ஆமாம், அவன் அப்படித்தான்" என்றாள். பிறகு குரலை இறக்கி, "பஸ் கூரையில் ஒருவன் மவுத் ஆர்கனோடு உட்கார்ந்திருப்பான். அது இருக்கிறதா?" என்றாள்.

இருக்கிறது என்று சொல்லியிருக்கலாம். மெட்ராஸ் எட்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருந்தது. யார் வந்து பார்க்கப்போகிறார்கள்? ஆனால் அவள் இரண்டு கையாலும் தோல்பையைப் பிடித்துக்கொண்டிருந்த விதத்தைப் பார்த்தபின் பொய் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

"வெட்டிவிட்டேன்" என்றேன். "நான்தான். லீடருக்காக. அதில் நீங்கள் இல்லை என்பதால்."

வண்டியைத் திருப்பி ஓட்ட டிரைவர் அதன் மறுமுனைக்கு நடந்து போனார். அவள் எழுந்தாள். ஊருக்குள் திரும்பும் வழி முழுக்க என் பக்கம் பார்க்கவில்லை. ஒரு தாயின் தள்ளுவண்டியைத் தூக்கி உள்ளே வைத்தாள். குடித்துவிட்டு வந்த ஒருவரை இடுப்பில் கைவைத்து நின்று இறங்கச் சொன்னாள். எல்லாரிடமும் "நன்றி, அன்பே" என்றாள். பாதி வழியில் டிக்கெட் பரிசோதகர் ஏறினார். என்னிடம் திரும்பும் பயணத்துக்கு டிக்கெட் இல்லை. அவர் என்னை நெருங்குவதற்குள், டெலியா ஒரு டிக்கெட்டில் துளை போட்டு, என் முகத்தைப் பார்க்காமலே கையில் திணித்துவிட்டுப் போனாள். திட்டியிருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும்.

அடுத்த முனையில் வந்தாள். "எந்தப் படத்துக்கு லீடராக?"

"விவசாயப் படங்கள். யூரியா போடும் முறை. தத்துப்பூச்சி. இன்னும் மூன்று."

"யூரியா" என்றாள். அந்த வார்த்தையைக் கொஞ்ச நேரம் வாயில் வைத்திருந்தாள். பிறகு ஒரு டிக்கெட்டின் பின்புறம் விலாசம் எழுதிக் கொடுத்தாள். "நாளைக்கு எனக்கு டூட்டி சாயங்காலமே முடிந்துவிடும். டீக்கு வாருங்கள். கூரையில் இருப்பவன் என் தம்பி."

மறுநாள் நாலு மணிக்குப் போனேன். டீ என்றால் நாலு மணி. வழியில் உருளைக்கிழங்கு வறுவலை வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டேன், டீயோடு என்ன பெரிதாகக் கொடுத்துவிடப் போகிறார்கள் என்று. கதவைத் திறந்தவர் வீட்டுக்காரம்மா எலேனி, கிரேக்க நாட்டுக்காரர், கறுப்பு உடை. டீ என்றால் இந்த ஊரில் ஆறரை மணிச் சாப்பாடு என்று சைகையால் விளக்கினார். டெலியா இன்னும் வரவில்லை. சும்மா உட்காரவிடக் கூடாது என்று நினைத்தாரோ என்னவோ, முன்னால் ஒரு தட்டு அவரைக்காயும் ரொட்டியும் வைத்தார். நல்ல எண்ணெயில் வதக்கிய காய். அன்ரியின் சமையலை விட்டால், இந்த நாட்டில் எனக்குப் பீட்ரூட் இல்லாமல் கிடைத்த முதல் சாப்பாடு. வயிற்றில் இடமில்லாவிட்டாலும் சாப்பிட்டேன்.

டெலியா வந்து தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு, சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து சொன்னாள். தம்பி பெயர் வெஸ்லி. படம் எடுத்த இடத்துக்கு அவளைப் பார்க்க ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தான். நடிக்க வரவில்லை. சும்மா கூரையில் ஏறி உட்கார்ந்தான், கேமராமேன் எடுத்தார். இரண்டு மாதத்தில் ராணுவத்துக்குக் கூப்பிட்டார்கள். வியட்நாம். பத்தொன்பது வயது.

"நாங்கள் எல்லாரும் போரை எதிர்த்து ஊர்வலம் போகிறவர்கள். பாட்டு, கோஷம், எல்லாம் உண்டு. வீட்டில் அவனைப் போக வேண்டாம் என்று சொல்ல மட்டும் எனக்கு நேரம் கிடைக்கவில்லை. அடுத்த வாரம் சொல்லலாம் என்றிருந்தேன்." பெட்டியில் வந்தான் என்றாள். மூடி முத்திரை வைத்த பெட்டி. திறக்க வேண்டாம் என்றார்கள். போட்டோக்கள் இருக்கின்றன, ஏழெட்டு. எல்லாவற்றிலும் ஒரே மாதிரி நிற்கிறான். எப்படி நடப்பான், எப்படித் திரும்புவான் என்பது ஒவ்வொரு வருடமும் கொஞ்சம் கொஞ்சமாகத் தனக்கு மறந்துபோகிறது என்றாள்.

"நீங்கள் பார்த்திருக்கிறீர்கள் அல்லவா?"

"வெட்டுவதற்கு முன்னால் பல தடவை."

"சொல்லுங்கள்."

சொல்ல முயன்றேன். என் ஆங்கிலம் மெஷின் பற்றிய ஆங்கிலம். ஒரு பையன் ஏணியில் ஏறுவதை அதில் சொல்ல முடியவில்லை. அதனால் எழுந்து நின்றேன். பஸ்ஸின் பின்பக்க ஏணி இங்கே என்று காட்டினேன். ஏறினேன். கூரைக்கு வேறு வழி தெரியாததால் நாற்காலியின் மேல் ஏறி, அதன் முதுகில் உட்கார்ந்தேன். மேஜையில் இருந்த ஸ்பூன் மவுத் ஆர்கன். அதை வலது கையால் எடுத்தேன்.

"இடது கை" என்றாள் டெலியா.

ஆமாம், இடது கைதான். மாற்றிக்கொண்டேன். ஸ்பூனைப் பேன்ட்டில் மூன்று முறை துடைத்தேன், முன்னும் பின்னும். உதட்டருகே கொண்டுபோனேன், ஊதவில்லை. யாரோ கீழேயிருந்து கூப்பிட்டது போலத் தலையைத் திருப்பினேன்.

"நான்தான். காபி வேண்டுமா என்று கேட்டேன்" என்றாள்.

அது எனக்குத் தெரியாது. அந்தத் துண்டில் சத்தம் சரியாகப் பதிவாகவில்லை. தலையைத் திருப்பியபின் அவன் சிரிப்பான், பிறகு கேமரா ஓடுவது ஞாபகம் வந்து தொப்பியால் முகத்தை மூடிக்கொள்வான். என்னிடம் தொப்பி இல்லை. டெலியா தன் கண்டக்டர் தொப்பியை எடுத்து நீட்டினாள். மூடிக்கொண்டேன். அந்த இருட்டுக்குள், இவ்வளவு தூரம் வந்து இந்த நாற்காலி மேல் நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன் என்று தோன்றியது. தொப்பியை எடுத்தபோது வாசலில் எலேனி கையில் சட்டியோடு நின்றுகொண்டிருந்தார். டெலியா அழுதுகொண்டிருந்தாள். எலேனி என்னை முறைத்தார்.

"இன்னொரு தடவை" என்றாள் டெலியா.

மூன்று தடவை செய்தேன். பிறகு ஆறரை மணிச் சாப்பாட்டையும் சாப்பிட்டேன். கிளம்பும்போது, "தேடிப் பார்க்கிறேன்" என்று மட்டும் சொன்னேன். கிடைக்கும் என்று சொல்லவில்லை. அன்ரி சுகம் கேட்டதைச் சொல்ல மறந்துவிட்டேன் என்பது ரயிலில்தான் ஞாபகம் வந்தது. பிளாக்டவுனில் அன்ரி அதைத்தான் முதலில் கேட்டார். நடந்ததைச் சொன்னேன். பரிமாறிக்கொண்டிருந்தவர் கரண்டியை வைத்துவிட்டு உட்கார்ந்தார். "அந்தத் துண்டைக் கண்டுபிடிச்சுக் குடுங்கோ தம்பி" என்றார். சிவபாதம் தலையை ஆட்டினார். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாரும் நடிகை என்று சொல்லவில்லை. டெலியா என்றுதான் சொன்னார்கள்.

மெட்ராஸில் மெஷின் எனக்கு முன்னால் வந்து சேர்ந்திருந்தது. பகலில் அதை ஓட்டினேன். ஞாயிற்றுக்கிழமைகளில் வேன் தேடிப் போனேன். ஐந்து படங்களும் ஐந்து வேன்களில் ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தன. தஞ்சாவூரில் யூரியா கிடைத்தது. ஆபரேட்டர் லீடரை வெட்டித் தர மறுத்தார். வேறு லீடர், நல்லதாக, கொண்டுவந்திருக்கிறேன் என்று காட்டியபின் சம்மதித்தார். தத்துப்பூச்சி திருவாரூரில். மூன்றாவது துண்டு செங்கல்பட்டில் ஒரு ஆபரேட்டர் வீட்டு ஜன்னல் கதவைக் காற்றில் அடிக்காமல் கட்டிவைத்திருந்தது. அவிழ்த்துவிட்டு என் கைக்குட்டையால் கட்டினேன். மற்ற இரண்டும் அறுந்து, குப்பைக்குப் போய்விட்டன என்றார்கள்.

மூன்று துண்டு, இருபது அடிக்குச் சற்று மேல். முப்பத்தைந்து விநாடி. ஏணியில் ஏறுவது இல்லை. தொப்பியால் மூடுவது இல்லை. துடைப்பது இருக்கிறது, திரும்புவது இருக்கிறது, சிரிப்பில் பாதி இருக்கிறது. எல்லாம் ஒரே கீறல். எங்கள் தொழிலில் இதை மழை என்போம். நடுநடுவே எண்ணெய்க் கறை, ஓரிடத்தில் யாரோ ஒருவரின் கட்டைவிரல் ரேகை முழுதாக. சீஃபிடம் எல்லாவற்றையும் சொன்னேன். "சொந்தக்காரங்களுக்கே அனுப்பிடு" என்றார். படத்தில் அதன் இடத்தில் துண்டுகளை ஒட்டி, இரண்டு டப்பாவையும் மெல்போர்னுக்கு அனுப்பினேன். கூடவே ஒரு கடிதம்: கீறலைக் குறைக்க எங்களிடம் ஒரு கெமிக்கல் இருக்கிறது, அந்தத் துண்டை மட்டும் திருப்பி அனுப்பினால் முடிந்தவரை சுத்தம் செய்து தருகிறேன்.

மூன்று மாதம் பதில் இல்லை. பிறகு வந்தது. டிராம் டிப்போவின் ஓய்வறையில், சுவரில் போட்டுப் பார்த்தார்களாம். மீசைக்கார கண்டக்டர், டிரைவர்கள், எலேனி எல்லாரும் வந்தார்களாம். கதை எப்போது ஆரம்பிக்கும் என்று பலர் கேட்டார்களாம். "நீங்கள் நாற்காலி மேல் செய்து காட்டியது சரிதான். ஆனால் அவன் உங்களைவிட மெதுவாகத் துடைக்கிறான். அவசரமே இல்லை அவனுக்கு" என்று எழுதியிருந்தாள்.

அதற்குக் கீழே:

"கீறல்களை எடுக்க வேண்டாம். பெட்டியில் வந்தபோது அவன்மேல் என்ன காயம் என்று எனக்குக் காட்டவில்லை. இவற்றையாவது பார்க்கிறேன். எந்தெந்த ஊரில் விழுந்தவை என்று உங்களால் தெரிந்துகொள்ள முடியுமா? அவன் போன இடங்களின் பெயர்கள் எனக்கு வேண்டும்."

மூன்று வேன்களுக்கும் பயணப் பதிவேடு இருந்தது. கேட்டு வாங்கினேன். வேலை முடிந்ததும் லேபில் உட்கார்ந்து எல்லா ஊர்ப் பெயரையும் ஆங்கிலத்தில் வரிசையாக எழுதினேன். ஒரத்தநாடு, வலங்கைமான், நீடாமங்கலம், மதுராந்தகம், திருக்கழுக்குன்றம், இன்னும் எத்தனையோ. நெருக்கி எழுதியும் நான்கு தாள் ஆயிற்று. ஒரு டிராம் கண்டக்டர் வாய்விட்டுப் படிக்கிற மாதிரி இருக்க வேண்டும் என்பதால் திருக்காட்டுப்பள்ளியை மட்டும் மூன்று தடவை அடித்து எழுதினேன்.